ஒருவருக்கு மட்டும் உரிமையா?

ஒரு சமூகம் முழுவதையும் தாழ்த்தி வைத்துவிட்டு, அதில் தோன்றிய ஒருவரை மாத்திரம் மேலே தூக்கி அமர்த்துவது நீதியாகுமா? அவருக்கு மாலையும் மரியாதையும் செய்துவிட்டால் கடமை தீர்ந்துவிடுமா? எத்தேசத்தாரும் தம்மைத் தாமே கேட்டுக்கொள்ள வேண்டிய கேள்வி இது. இதனை ஆராய்வதற்கு, ஆஸ்திரேலியாவின் நடுப்பாலைவனத்தில் பிறந்த ஓவியர் ஆல்பர்ட் நமட்ஜீராவின் சரித்திரத்தை நாம் ஈண்டு எடுத்துக்கொள்வோம்.

அவர் அந்நாட்டின் பூர்வகுடிகளாகிய மேற்கு அரெர்ண்டா மக்களைச் சேர்ந்தவர். 1902ம் ஆண்டில், ஹெர்மன்ஸ்பர்க் என்னும் லூதரன் பாதிரிமார் குடியிருப்பில் பிறந்தார். தச்சு வேலை செய்தார், ஒட்டகம் ஓட்டினார், மரப்பலகைகளில் சூட்டுக்கோலால் சித்திரம் தீட்டி விற்றார். 1936ல் ரெக்ஸ் பாட்டர்பி என்ற வெள்ளை ஓவியருக்கு ஒட்டகக்காரராகவும் வழிகாட்டியாகவும் சென்று, அதற்கு ஈடாக நீர்வர்ணம் தீட்டும் முறையைக் கற்றுக்கொண்டார். இரண்டே ஆண்டுகளில், 1938ல், மெல்போர்ன் நகரில் அவருடைய படங்கள் தனிக் கண்காட்சியாக வைக்கப்பெற்று யாவும் விற்றுத் தீர்ந்தன.

செம்மண் பூமியும், நீலம் படர்ந்த மக்டானல் மலைத்தொடரும், வெண்ணிற அடிமரம் கொண்ட யூக்கலிப்டஸ் மரங்களும் அவர் தூரிகையில் உயிர் பெற்றன. ஐரோப்பியரைப் பார்த்து எழுதிய படங்களே இவை என்று சில விமர்சகர்கள் இகழ்ந்தனர். ஆனால் அவர் எழுதிய மலைகளும் பள்ளத்தாக்குகளும் அவருடைய மூதாதையரின் பூமி. அவர் கையாண்ட முறை கற்றதாயினும், கண்ட கண் அவருடையதே என்பதைப் பின்வந்தோர் உணர்ந்தனர்.

புகழ் பெருகிற்று. 1953ல் இராணியாரின் முடிசூட்டு விழாப் பதக்கம் கிடைத்தது. 1954ல் கான்பெராவில் இராணியாரையே நேரில் கண்டார். ஆனால் நிலைமை என்ன? ஆடுமாடு மேய்க்க அவர் கேட்ட நிலக்குத்தகை மறுக்கப்பட்டது. 1951ல் ஆலிஸ் ஸ்பிரிங்ஸ் நகரில் வீடு கட்ட முயன்றார், அதுவும் மறுக்கப்பட்டது. அவருடைய படம் மாளிகைச் சுவரில் தொங்கலாம். அவர் மட்டும் நகருக்கு வெளியே கொட்டகையில் தங்க வேண்டும்! வருமான வரி கேட்கும்போது மட்டும் சர்க்கார் அவரைப் பிரஜையாகக் கருதிற்று.

1957ல் அவருக்கும் அவர் மனைவியாருக்கும் பிரஜா உரிமை வழங்கப்பட்டது. அவர்தம் மக்களுக்கு இல்லை, சுற்றத்தாருக்கும் இல்லை. அவர்கள் யாவரும் சர்க்காரின் மேற்பார்வைக்கு உட்பட்ட மைனர்களாகவே வைக்கப்பட்டனர். தந்தை மது வாங்கலாம்; மகனுக்குக் கொடுத்தால் தந்தை குற்றவாளி! பெற்றதை உறவினரோடு பகிர்ந்துகொள்வதோ அவர் குலத்தின் முதற்கடமை. நாம் ஒப்புரவு என்று போற்றுவதும் இதனையே அன்றோ?

1958ல் அக்கடமையும் அச்சட்டமும் மோதின. காரில் அவர் வைத்திருந்த ரம் புட்டியை உறவினராகிய மற்றோர் ஓவியர் எடுத்துக் குடிக்க இடங்கொடுத்தார் என்பது வழக்கு. ஆறு மாதத் தண்டனை விதிக்கப்பட்டு, மேல் விசாரணையில் மூன்று மாதமாகக் குறைக்கப்பட்டது. பாப்புன்யா குடியிருப்பில் இரண்டு மாதம் காவலில் இருந்து, மனமுடைந்து வெளிவந்தார். 1959ம் ஆண்டு ஆகஸ்டு 8ந் தேதி உயிர் நீத்தார்.

மது தீங்கானதுதானே, சட்டம் தடுத்தது தவறா எனச் சிலர் கேட்கலாம். மது தீங்கானது என்பதை நாம் மறுக்கவில்லை. அவ்வாண்டிலேயே அவர் தங்கியிருந்த பாளையத்தில் ஒரு பெண் கொலையுண்டதும் உண்மையே. ஆனால் தீங்கு மதுவில் இருக்குமாயின், எல்லார் வாயினின்றும் அதை விலக்குக. அச்சட்டம் புட்டியைப் பார்க்கவில்லை. குடிப்பவரின் பிறப்பைப் பார்த்தது. அதே ஊரில் வெள்ளையர் தாராளமாகக் குடித்தனர்.

ஆதலின், உற்றாரை உதறினால்தான் அனுபவிக்கலாம் என்று கொடுக்கப்படும் உரிமை, உரிமையே அன்று. அது நாடுகடத்தலின் மறுபெயர். இன்னொரு கேடும் உண்டு. உயர்த்தப்பட்ட ஒருவரைக் காட்டி, "தகுதியுள்ளவர் உயரத் தடையில்லை, மற்றவர் தாழ்வு அவரவர் குறையே" என்று பேச அநீதிக்கு வாய் கிடைத்துவிடுகிறது. தகுதி காட்டிப் பெற வேண்டியது பதக்கம். மனிதனாகப் பிறந்ததனாலேயே பெற வேண்டியது உரிமை. இவ்விரண்டையும் ஒன்றாக்குவதே எல்லாத் தவற்றுக்கும் வேர்.

அந்த மைனர் முறை 1964ல் ஒழிந்தது. அவர் காவலிருந்த பாப்புன்யாவிலேயே 1971ல் பாலைவன ஓவியர்களின் புதிய இயக்கம் தோன்றி உலகப் புகழ் பெற்றது. ஆயினும் 1983ல், குடும்பத்தாரைக் கேளாமலே, அவர் படங்களின் பதிப்புரிமை 8,500 டாலருக்கு ஒரு பதிப்பகத்தாருக்கு விற்கப்பட்டது. 2017ல்தான் அது அவர் சந்ததியாருக்கான தர்ம ஸ்தாபனத்திடம் மீண்டது.

புகழ்மாலை சூட்டும் கைகளை நோக்கி நாம் கேட்க வேண்டுவது ஒன்றே: இவருக்குப் பின்னால் நிற்கும் இவர் உற்றாருக்கு என்ன கொடுத்தீர்கள்? அதற்கு விடை கிடைக்கும் வரை, மாலை மாலையாகாது. அது நீதிக்குப் போடப்பட்ட திரையேயாகும்.