தூக்கிலிடுபவனின் கையிலும் கடவுளா?

பகவத் கீதையின் பத்தாம் அத்தியாயத்தை 1974இல் போர்ச்சுகீசிய மொழியில் ராக் பாட்டாக்கி பிரேசிலையே பாட வைத்தவர் ரவுல் செய்ஷாஸ். பாஹியா மாநிலத்தின் சால்வடோரில் 1945இல் பிறந்தவர். எல்விஸ் பிரெஸ்லியைக் கேட்டு வளர்ந்தவர். ‘கீதா’ என்ற அந்தப் பாட்டை அவரோடு சேர்ந்து எழுதியவர், பிற்பாடு ‘ரசவாதி’ நாவலால் நமக்கெல்லாம் அறிமுகமான பாவ்லோ கொய்லோ. அந்த அத்தியாயமான விபூதி யோகத்தில் கண்ணன் ‘நான்’, ‘நான்’ என்று அடுக்கிக்கொண்டு போகும் முறையையே பாட்டும் கைக்கொள்கிறது. அகரம், சுறா, எல்லாவற்றுக்கும் முதலும் நடுவும் முடிவும் என்று மூலத்தின் தடயங்கள் வெளிப்படையாகவே கிடக்கின்றன. ஆனால் சிகரங்களில் மேரு, நதிகளில் கங்கை என்று அந்தந்த இனத்தில் தலைசிறந்ததையே கண்ணன் பெரும்பாலும் சொல்கிறான். ரவுலின் கடவுளோ கடையில் சாமான் வாங்கும் இல்லத்தரசியாக இருக்கிறார், சூப்பில் விழுந்த ஈயாக இருக்கிறார், தூக்கிலிடுபவனின் கையாகவும் இருக்கிறார்.

அந்தக் கைதான் இடறுகிறது. அப்போது பிரேசிலில் நடந்தது ராணுவ ஆட்சி. 1964இல் அது ஆட்சியைப் பிடிப்பதற்குச் சில நாட்களுக்கு முன், கடவுளின் பெயராலும் குடும்பத்தின் பெயராலும் சாவோ பாவ்லோவில் பெரும் பேரணி நடந்தது. ரவுலின் பாட்டு வந்த அதே 1974இல் கொய்லோ பிடித்துச் செல்லப்பட்டுச் சித்திரவதைக்கு ஆளானார். இப்படிப்பட்ட நாட்டில், வதைப்பவனின் கையிலும் கடவுள் இருக்கிறார் என்று பாடுவது வதைக்கு நியாயம் கற்பிப்பதாகாதா? எல்லாம் அவனே என்றால் குற்றவாளி என்று யாரைச் சொல்வது?

இந்தக் கேள்வியை ரவுலுக்கு முன் கண்ணனிடமே கேட்க வேண்டும். வஞ்சிப்பவற்றுள் சூதாட்டம் நான், அனைத்தையும் கவர்ந்துகொள்ளும் மரணமும் நான் என்கிறான் அவன். அதனால் சூதாடிக்கு அனுமதிச்சீட்டு கிடைத்துவிட்டதாக எந்த உரையாசிரியரும் கொள்ளவில்லை. ஒன்றின் ஆற்றல் எங்கிருந்து வருகிறது என்பது வேறு, அந்த ஆற்றலைப் பயன்படுத்திய விதம் சரியா என்பது வேறு. ஈயைக் கடவுளாக்கியது வெறும் கேலி என்றும் சொல்லலாம்; முந்தைய ஆண்டு வெளியான தன் ஈப் பாட்டையே ரவுல் அங்கே சீண்டுகிறார் என்பதும் உண்மை. ஆனால் அந்தணனையும் பசுவையும் யானையையும் நாயையும் நாயைத் தின்பவனையும் சமமாகக் காண்பதே ஞானம் என்று ஐந்தாம் அத்தியாயம் சொல்லியாயிற்று. ஆகவே இதைத் தப்பர்த்தம் என்று தள்ள முடியாது. பிரேசிலிலோ இதற்குக் கூடுதல் கூர்மையும் உண்டு. ஈயிலும் இல்லத்தரசியிலும் சமமாக இருக்கும் கடவுளைத் தளபதிகள் தங்கள் வீட்டுக் காவலுக்கு அமர்த்திக்கொள்ள முடியாது.

இருந்தும் ஆட்சேபம் முழுதாகத் தீரவில்லை. கீதையில் இத்தனையும் கேட்பவன் அர்ஜுனன். கேட்டு முடித்ததும் அவனுக்குச் செய்ய ஒரு கடமை காத்திருக்கிறது. ரவுலின் பாட்டில் கடவுள் கனவில் வந்து பேசிவிட்டுப் போகிறார். கேட்டவனுக்குக் கடமை ஏதும் சொல்லப்படவில்லை. அந்த வெற்றிடத்தை நிரப்புவது அதே இசைத்தட்டில் உள்ள ‘மாற்றுச் சமூகம்’ பாட்டு. அவரவர் விருப்பமே சட்டம் என்பது அதன் சாரம். ஆங்கில மாந்திரீகர் அலிஸ்டர் கிரௌலியிடமிருந்து எடுத்தது. தூக்கிலிடுபவனும் இது என் விருப்பம் என்று சொல்லலாமே. விருப்பம் என்றால் மனம்போன போக்கல்ல, ஒருவனின் மெய்யான இயல்பு என்பார்கள் கிரௌலி பக்கத்தார். கிட்டத்தட்ட கீதை சொல்லும் சுவதர்மம்தான், ஆனால் பலனைத் துறப்பது அதில் இல்லை. குடியால் கணையம் கெட்டு 1989 ஆகஸ்ட் 21 அன்று 44 வயதில் ரவுல் இறந்ததை இந்தக் கொள்கைக்கு எதிரான சாட்சியமாகக் காட்டுவோர் உண்டு. அது மலிவான வாதம். பாடகரின் கணையத்தை வைத்துத் தத்துவத்தின் தரத்தை அளக்க முடியாது. ஆண்டுதோறும் அதே நாளில் சாவோ பாவ்லோ வீதிகளில் அவர் பாட்டுகளைப் பாடிக்கொண்டு ஊர்வலம் போகிறவர்களிடம் கேட்க வேண்டிய கேள்வி வேறு. எதிரே நிற்பவனிலும் அதே ‘நான்’ இருக்கிறது என்றால், அவனைக் கேட்காமல் என் விருப்பம் எப்படிச் சட்டமாகும்? ‘கீதா’வை ஒப்புக்கொண்டவர் மற்றப் பாட்டை இந்த நிபந்தனையோடுதான் பாட முடியும். அந்த நிபந்தனையை ரவுலும் கொய்லோவும் எழுதவில்லை. இரண்டு பாட்டுகளையும் ஒரே இசைத்தட்டில் வைத்ததோடு நிறுத்திக்கொண்டார்கள்.