ஆண்மையும் ஒரு சரக்கா?

கைலி வாங்க வந்தவரிடம், "உங்கள் இடுப்பில் எந்தக் கைலியும் நிற்காது போலிருக்கிறதே" என்று சொல்லி, பெல்ட்டையும் சேர்த்துத் தலையில் கட்டும் கடைக்காரரை நாம் நாணயஸ்தர் என்போமா? இதே முறையில் அமெரிக்காவில் ஒரு பெரும் வியாபாரம் நடந்தது.

1892ல் இத்தாலியில் பிறந்து அங்கே குடியேறிய ஆஞ்சலோ சிசிலியானோ, சார்லஸ் அட்லஸ் என்னும் பெயரில் பயில்வானாகப் புகழ் பெற்று, தபால் மூலம் தேகப்பயிற்சிப் பாடம் விற்றார். அவருடைய விளம்பரப் படக்கதை பிரசித்தமானது. கடற்கரையில் ஒல்லியான வாலிபன் ஒருவன் தன் தோழியுடன் இருக்கிறான். ஒரு முரடன் அவன் முகத்தில் மணலை எற்றுகிறான். அவளோ சிறுபிள்ளையைத் தேற்றுவதுபோல் அவனைத் தேற்றுகிறாள். வீட்டுக்குப் போய் நாற்காலியை உதைத்தவன், அட்லஸுக்கு எழுதிப்போட்டு, உடல் திரண்டபின் திரும்பி வந்து முரடனைக் குத்துகிறான். கடற்கரையே அவனைக் கொண்டாடுகிறது. அட்லஸ் தாமும் ஒருகாலத்தில் 97 பவுண்டு, அதாவது 44 கிலோ எடையுள்ள நோஞ்சானாய் இருந்ததாகவே சொல்லிக்கொண்டார்.

தேகப்பயிற்சியை நாம் குறை கூறவில்லை. நம்மில் பலருக்கு அது அவசியமும்கூட. ஆனால் அக்கதையில் மணலை எற்றியவனின் துடுக்கைக் கண்டிக்க ஆளில்லை. எற்றப்பட்டவனின் மெலிவுதான் குற்றமாகிறது. கடைசியில் அவனும் முரடனுடைய வழக்கத்தையே கற்றுக்கொள்கிறான்.

அந்தப் பாடம் நன்றாக விற்ற காலத்தையும் கவனிக்கவேண்டும். 1929ல் பங்குச் சந்தை சரிந்தபின் லட்சக்கணக்கான ஆண்கள் வேலையிழந்து, மனைவி மக்கள் முன் தலைகுனிந்து நின்றார்கள். மூடிய ஆலையைத் திறக்க அவர்களால் ஆகாது. புஜத்தைப் பெருக்கலாம். ஆகவே ஊருக்கு வந்த கஷ்டத்தைத் தன் உடம்பின் குறையாக நம்பினால், கைக்கு ஒரு வேலையாவது கிடைத்தது.

அட்லஸின் பாடத்துக்காவது ஒரு முடிவு இருந்தது. இப்போது கைத்தொலைபேசியில் ஆண்களை உயர்ந்தவர், தாழ்ந்தவர் என்று தரம் பிரித்துப் பேசுவோருக்கு மாதச் சந்தா வேண்டும். கிக்பாக்சிங் வீரராயிருந்த ஆண்ட்ரூ டேட் 2022ல் தம் இணையப் பள்ளிக்கு மாதம் ஏறத்தாழ 50 அமெரிக்க டாலர் வாங்கினார். தன்னிடம் குறையில்லை என்று தெளிந்த மாணவன் மறுமாதம் பணம் கட்டமாட்டான். அப்படியானால் அவன் தெளிவது யாருக்கு நஷ்டம்? கடை நடத்தும் நமக்கு இந்தக் கணக்கு விளங்காததல்ல.

மகன் இத்தகைய சந்தாவுக்குப் பணம் கேட்டால், எடுத்த எடுப்பில் ஏசவேண்டாம். அவனிடம் குறை இருப்பதாக முதலில் சொன்னவர் யார், அது பள்ளியிலா, கடையிலா, அல்லது நம் வீட்டுச் சாப்பாட்டு மேசையிலேயா என்று கேட்டுப் பார்க்கலாம். பணம் கொடுப்பதும் மறுப்பதும் அதன் பிறகு.