ஒலியிலிருந்து காரணத்துக்கு

கேட்கும் ஒலியைக் கொண்டு, கண்ணுக்குத் தெரியாத அதன் காரணத்தை உறுதியாக அறிய முடியுமா என்பது அளவையியலின் பழைய கேள்வி. மணிமேகலையின் 27ஆம் காதையில், வஞ்சி நகரத்து அளவைவாதி கருதலளவையை, அதாவது அனுமானத்தை, மூன்றாகப் பிரிக்கிறான். அவற்றுள் ‘பொது’ என்ற வகைக்கு அவன் தரும் எடுத்துக்காட்டே ஓர் ஒலிதான். காட்டுக்குள் யானையின் முழக்கத்தைக் கேட்டவன், யானையைப் பார்க்காமலே அது அங்கே இருப்பதை அறிந்துகொள்கிறான். மலேசியாவின் கோல சிலாங்கூர் மாவட்டத்துப் புக்கிட் பெலிம்பிங் போன்ற தோட்டப்புற ஊர்களில் இருபது, முப்பது ஆண்டு ஓடிய புரோட்டோன் காரைக் காலையில் முடுக்கும்போது எழும் ‘டிக் டிக்’ சத்தமும் அதே கேள்வியைத்தான் எழுப்புகிறது. “வால்வ் லிஃப்டர் போய்விட்டது” என்று சொல்லிவிடுவது எளிது. அந்தக் கூற்று எப்போது அறிவாகிறது, எப்போது வெறும் ஊகமாக நின்றுவிடுகிறது என்பதைப் பிரித்துக் காட்டத் தமிழ்ச் சமய நூல்களின் அளவை முறை இன்றும் போதுமானது.

எஞ்சினின் வால்வைக் கேம் தண்டு திறக்கிறது, சுருள்வில் மூடுகிறது. இரண்டுக்கும் நடுவே உள்ள உறுப்புகள் சூட்டில் விரிவதால், குளிர்ந்த நிலையில் சிறிது இடைவெளி விட்டாக வேண்டும். அந்த இடைவெளியைத் தானே நிரப்பிக்கொள்ளும்படி செய்த உறுப்புதான் ஹைட்ராலிக் லிஃப்டர். சிறு உருளைக்குள் ஓர் உந்துதண்டு, அதன் கீழே ஒரு வில், எண்ணெயை உள்ளே விட்டு வெளியே விடாத ஒரு குண்டுமணி வால்வ், அவ்வளவுதான் அதன் அமைப்பு. கேம் அழுத்தும்போது குண்டுமணி வழியை அடைக்கிறது. அடைபட்ட எண்ணெய் சுருங்காது, ஆகவே உருளை முழுவதும் கெட்டிப் பொருளாக நின்று வால்வைத் தள்ளுகிறது. எண்ணெய் குறைந்தாலோ, அதில் காற்றுக் கலந்தாலோ, கசடு புகுந்து குண்டுமணி சரியாக உட்காராவிட்டாலோ அந்தக் கெட்டித்தன்மை போய்விடும். விடுபட்ட இடைவெளியில் உலோகம் உலோகத்தைத் தட்டும். மலேசியாவில் ஓடிய புரோட்டோன் வீரா 1.8, சத்ரியா ஜிடிஐ கார்களின் இரட்டைக் கேம் 4ஜி93 எஞ்சினில் இந்த உறுப்பு உண்டு. 1985இல் வந்த முதல் சாகாவின் எஞ்சினிலோ திருகு வைத்து இடைவெளியைச் சரிசெய்யும் ஏற்பாடே இருந்தது.

இந்த வேறுபாடு சிறியதல்ல. காஞ்சியில் அறவண அடிகள் மணிமேகலைக்குப் பௌத்த அளவையைச் சொல்லும் 29ஆம் காதை, பிழையான ஏதுக்களை, அதாவது ஒன்றை நிறுவக் காட்டும் அடையாளங்களை, வகைப்படுத்துகிறது. அவற்றுள் ஒன்று ஆசிரயாசித்தம். எந்தப் பொருளைப் பற்றி வாதம் நடக்கிறதோ, அந்தப் பொருளே எதிராளிக்கு இல்லாத நிலை அது. திருகு வைத்த எஞ்சினில் சத்தம் கேட்டு லிஃப்டரைப் பழிப்பது இந்தப் பிழையே. அங்கே லிஃப்டரே கிடையாது. திருகின் இடைவெளியை அளவுத்தகடு வைத்துச் சரிசெய்தால் வேலை முடிந்தது. ஆகவே எது அந்த எஞ்சின் என்பதை அறிவதிலிருந்துதான் ஆராய்ச்சி தொடங்கவேண்டும்.

சைவ சித்தாந்தத்தில் இந்த முறையை விரிவாகச் சொல்வது அருணந்தி சிவாச்சாரியாரின் சிவஞான சித்தியார். தன் கொள்கையை நிறுவும் சுபக்கப் பகுதியின் தொடக்கத்திலேயே அளவையை வைத்த நூல் அது. கடவுளைப் பற்றிப் பேசுமுன், எதைக் கொண்டு பேசலாம் என்பதைத் தீர்த்துக்கொள்ளும் அந்த ஒழுங்கு மதிக்கத்தக்கது. பிற மதத்தார் கூறும் பத்து அளவைகளை எண்ணிக் காட்டிவிட்டு, அவையெல்லாம் காட்சி, கருதல், உரை என்ற மூன்றில் அடங்கும் என்கிறார் ஆசிரியர். காட்சியும்கூட வெறுமே பார்ப்பதோ கேட்பதோ அன்று. ஐயமும் திரிபும் நீங்கிய பிறகே அது காட்சி. பட்டறையில் நேரும் தவறுகளில் பெரும்பகுதி இந்த முதல் படியிலேயே நேர்கிறது. கேட்ட சத்தத்தை இன்ன சத்தம் என்று தீர்மானிக்காமலே காரணத்துக்குத் தாவிவிடுகிறார்கள். மணிமேகலை இதற்கும் ஒரு பெயர் வைத்திருக்கிறது: சித்தாசித்தம். தூரத்தில் தெரிவது ஆவியா பனியா என்ற ஐயம் தீராதபோதே அதைப் புகையாக்கி, அங்கே நெருப்பு உண்டென்று முடிவுகட்டுவது.

ஐயத்தைத் தீர்க்க முதலில் உதவுவது தாளம். கேம் தண்டு, எஞ்சினின் முதன்மைத் தண்டான கிராங்கின் பாதி வேகத்தில் சுற்றும். எஞ்சின் நிமிடத்துக்கு 800 சுற்றில் சும்மா ஓடும்போது ஒரு வால்வ் 400 முறைதான் திறக்கும், அதாவது நொடிக்கு ஏழுக்குச் சற்றுக் குறைவு. கனெக்டிங் ராடு பேரிங் தேய்ந்து எழும் சத்தம் கிராங்கின் தாளத்தில், ஏறத்தாழ இருமடங்கு வேகத்தில் வரும். அது அடித்தொண்டையில் ஒலிக்கும், பாரம் ஏறும்போது கனக்கும். இந்த இரண்டையும் பிரிக்கத் தெரியாமல் காரை ஓட்டிக்கொண்டே இருந்தால் எஞ்சினே போய்விடும். ஆகவே வேறெதையும்விட இந்தச் சோதனையை முதலில் செய்வது கட்டாயம்.

தாளம் கிராங்கை விலக்கும், ஆனால் லிஃப்டரை நிறுவாது. பல எஞ்சின்களில் இன்ஜெக்டரும் இதே தாளத்தில் தட்டும். புகைப்போக்கிக் குழாய் சிலிண்டர் தலையோடு சேரும் இடத்தில் கேஸ்கெட் கசிந்தாலும் அந்தச் சிலிண்டருக்கு ஒரு தட்டல் இதே வேகத்தில் கேட்கும். நிறுவவேண்டிய பொருளிலும் உண்டு, அதற்கு மாறான பொருளிலும் உண்டு என்று நிற்கும் இத்தகைய ஏதுவை மணிமேகலை அநைகாந்திகம் என்கிறது. சித்தியாரின் மொழியில் சொன்னால், சபக்கத்தில் மட்டும் இருந்து விபக்கத்தில் இல்லாதபோதே ஏது செல்லும். அதாவது லிஃப்டர் கெட்ட எஞ்சின்களில் அந்த அடையாளம் இருக்கவேண்டும், லிஃப்டர் நன்றாக உள்ள எஞ்சின்களில் அது இருக்கக்கூடாது.

விபக்கத்தைக் கையால் உண்டாக்கிப் பார்க்க முடிவது பட்டறைக்குக் கிடைத்த நல்வாய்ப்பு. இன்ஜெக்டரின் மின்கம்பியை ஒவ்வொன்றாகக் கழற்றும்போது சத்தம் நின்றால் காரணம் லிஃப்டர் அல்ல, இன்ஜெக்டரோ கேஸ்கெட் கசிவோதான். கேஸ்கெட் ஓரத்தில் கரித்தடம் இருந்து, உலோகம் சூடேறி விரியும் சில நிமிடத்துக்குப் பிறகு சத்தம் குறைந்தால், காரணம் கசிவு. நீண்ட திருப்புளியின் முனையை ராக்கர் மூடியின் மேல் வைத்துப் பிடியைக் காதருகே கொண்டுபோனால், எந்தச் சிலிண்டரின் நேர்மேலே தட்டல் கூர்மையாக ஒலிக்கிறது என்பது தெரிந்துவிடும். சத்தம் எப்போது வருகிறது என்பதும் ஏதுவின் பகுதியே. முடுக்கிய சில நொடிக்குள் அடங்கினால் இரவில் வடிந்த எண்ணெய் திரும்ப நிரம்புகிறது என்று பொருள். எண்ணெய் வடிகட்டியில் உள்ள வடிதடுப்பு வால்வ் கெட்டாலும் இப்படி ஆகும். சூடான பின்பு, சும்மா ஓடும்போது மட்டும் தட்டினால் எண்ணெய் அழுத்தம் குறைவு என்ற பக்கம் வலுப்பெறும். வேகம் கூடும்போது மட்டும் தட்டினால் எண்ணெயில் காற்று.

கடைசியாகச் சொன்னதில் ஒரு பொறி இருக்கிறது. எண்ணெய் அளவுக்கு மேலேயே இருக்கிறது, ஆகவே லிஃப்டருக்கு எண்ணெய்க் குறை இல்லை என்று வாதிடுவோர் உண்டு. மட்டம் மிகுந்தால் கிராங்க் அந்த எண்ணெயைக் கடைந்து நுரையாக்கும். நுரை சுருங்கும், லிஃப்டர் கெட்டித்தன்மையை இழக்கும். நிறுவ வந்ததற்கு எதிரானதையே நிறுவும் இந்த ஏதுவுக்கு விருத்தம் என்று பெயர்.

காட்சி ஒன்றே அளவை என்று சாதிக்கும் உலோகாயதனை, பிற மதங்களை மறுக்கும் சித்தியாரின் பரபக்கப் பகுதி முதலில் மறுக்கிறது. பழைய கார் விஷயத்தில் உலோகாயதம் என்பது, சத்தம் கேட்டவுடனே எஞ்சினைக் கழற்றிப் பார்ப்போம் என்பது. அதில் பணம் வீணாவதோடு, கழற்றியவுடன் பாதி அடையாளங்கள் அழிந்தும் போகின்றன. சூட்டோடும் வேகத்தோடும் சேர்ந்து வந்த சத்தம், நின்ற எஞ்சினில் எப்படி இருக்கும்? கருதல் முடிந்த இடத்தில்தான் திறப்பது பயன் தரும். அழுத்த ஸ்விட்ச் இருக்கும் துளையில் அளவுமானியைப் பொருத்தி எண்ணெய் அழுத்தத்தைப் பார்ப்பது இடைப்பட்ட படி. ஆயிரம் சுற்றுக்குச் சுமார் 10 பிஎஸ்ஐ என்பது பழைய எஞ்சின்களுக்குப் பட்டறைகள் வைத்திருக்கும் பொதுக்கணக்கு. அந்தந்த எஞ்சினின் கையேட்டு அளவே முடிவானது. அழுத்தம் குறைவென்றால் லிஃப்டரை மாற்றிப் பயனில்லை. பம்பையும் பேரிங்கையும்தான் பார்க்கவேண்டும்.

அழுத்தம் சரியாக இருந்து, சத்தம் ஓர் இடத்தில் நிலைத்தால் ராக்கர் மூடியைத் திறக்கலாம். கேமின் மேடு விலகி நிற்கும் நிலையில் ஒவ்வொரு ராக்கர் கையையும் கட்டைவிரலால் அழுத்திப் பார்க்கவேண்டும். நல்ல லிஃப்டர் கல்லாக நிற்கும். கெட்டது மெத்தென்று அமுங்கி, விரலை எடுத்தபின் தயங்கி எழும். பக்கத்தில் நிற்கும் நல்லவையே இங்கே நேருக்கு நேர் விபக்கம். அனுமானம் காட்சியில் போய்ச் சேரும் இடம் இது. மூடியின் உட்புறத்தில் தார்போன்ற கருங்கசடு அப்பியிருந்தால், காரணம் லிஃப்டரோடு நிற்கவில்லை என்பதும் அப்போதே தெரிந்துவிடும்.

காரணத்தைச் சித்தாந்தம் மூன்றாக வகுக்கிறது. குடத்துக்கு மண் முதற்காரணம், சக்கரம் துணைக்காரணம், குயவன் நிமித்த காரணம். உலகத்துக்கு மாயை, சத்தி, சிவன் என்று இவை பொருத்தப்படும். தட்டல் சத்தத்துக்கு மோதும் உலோகத்தை முதற்காரணமாகவும், எண்ணெய் நிரம்பாத இடைவெளியைத் துணைக்காரணமாகவும் கொண்டால், நிமித்தம் பெரும்பாலும் காரை வைத்திருப்பவரின் பழக்கத்தில் இருக்கும். தோட்டக் குடியிருப்பிலிருந்து கடைக்கும் பள்ளிக்கும் ஓரிரு கிலோமீட்டர் மட்டும் ஓடி நிற்கும் காரில் எஞ்சின் முழுச்சூடு அடைவதில்லை. எரிந்த வாயுவின் ஈரம் எண்ணெயில் தங்கிக் கசடாகிறது. மின்யாக் ஹீத்தாம் என்று அங்கே சொல்லும் எஞ்சின் எண்ணெயை மாற்றும் தவணையும் தள்ளிப்போனால் லிஃப்டரின் நுண்ணிய வழிகள் அடைபடும். ‘மருந்து’ அதிகாரத்தின் 948ஆம் குறள் நோய், அதன் முதல், தணிக்கும் வழி என்ற வரிசையில் நாடச் சொல்வது மனித உடலுக்கு மட்டும் பொருந்துவதன்று. லிஃப்டரை மட்டும் மாற்றி எண்ணெய்ப் பழக்கத்தை மாற்றாத கார் விரைவிலேயே மீண்டும் தட்டத் தொடங்கும்.

ஆகவே மருத்துவமும் எளியதிலிருந்து தொடங்குவது முறை. எண்ணெய் மட்டத்தைச் சரிசெய்து, கையேடு சொல்லும் தரத்தில் புது எண்ணெயும் நல்ல வடிகட்டியும் போடவேண்டும். சத்தத்தை அமுக்கத் தடித்த எண்ணெய் ஊற்றுவது தவறு. குளிரில் அது மேலே ஏறத் தாமதமாகி, தேய்மானத்தை மிகுவிக்கும். கசடு மிகுந்த எஞ்சினில் கடுமையான கழுவு திரவமும் ஆபத்து. பெயர்ந்த கசடு எண்ணெய்த் தொட்டியின் சல்லடையை அடைத்துவிடக்கூடும். நல்ல எண்ணெயைக் குறுகிய தவணையில் இரண்டு மூன்று முறை மாற்றுவதே பாதுகாப்பு. காற்று அடைபட்ட லிஃப்டருக்கு, சூடான எஞ்சினை மெதுவாக 3000 சுற்றுவரை ஏற்றி மீண்டும் இறக்குவதைப் பலமுறை செய்தால் பெரும்பாலும் காற்று வெளியேறும். அதற்கும் அடங்காவிட்டால் கழற்றி, சுத்தமான டீசலுக்குள் மூழ்கவைத்து, மெல்லிய கம்பியால் குண்டுமணியைத் தள்ளியபடியே உந்துதண்டை அமுக்கி விடவேண்டும். உள்ளே இருந்து கறுத்த டீசலும் காற்றுக் குமிழிகளும் வரும். குமிழி நின்றபின் கம்பியை எடுத்து அழுத்தினால் தண்டு அசையக்கூடாது. அசைந்தால் அது தேய்ந்தது. ஒன்று தேய்ந்திருந்தால் மற்றவையும் அதே அளவு ஓடியவைதான், ஆகவே முழுத் தொகுதியாக மாற்றுவதே நல்லது. ஜப்பானிலிருந்து பாதியாக வெட்டிய கார்களோடு வரும் ‘ஹாஃப்கட்’ எஞ்சின்களில் கழற்றிய பழைய லிஃப்டரை வாங்கிப் போடுவோர் இந்த அமுக்குச் சோதனையைச் செய்யாமல் போடக்கூடாது.

சத்தத்திலிருந்து லிஃப்டருக்குச் சென்ற இந்தக் கருதலின் வடிவில்தான் சைவ சித்தாந்தம் இறைவனையும் நிறுவுகிறது. மெய்கண்டாரின் சிவஞானபோதத்து முதல் சூத்திரம், தோன்றி நின்று ஒடுங்கும் உலகத்தைக் காரியமாகக் கொண்டு, அதற்கு ஒரு வினைமுதல் உண்டு என்று கருதுகிறது. காரியத்திலிருந்து காரணத்துக்குச் செல்லும் அந்தப் பாதையில் பிழையில்லை. ஆனால் லிஃப்டரைப் பற்றிய கருதலுக்குக் கிடைத்த இரண்டு உதவிகள் இதற்கு இல்லை. ஒப்பிட்டுப் பார்க்க வினைமுதல் இல்லாத இன்னோர் உலகம் விபக்கமாகக் கையில் இல்லை. திறந்து பார்க்க மூடியும் இல்லை. இறைவனை ஏற்காத நிரீச்சுர சாங்கியரின் எதிர்ப்பு வலுவோடு நின்றது இதனால்தான். சித்தாந்திகள் இந்தக் குறையை மறைக்கவில்லை. கருதல் ஒருவன் உண்டு என்ற பொதுமையை மட்டுமே தரும், அவன் இத்தகையன் என்ற சிறப்பைக் காட்சிக்கும் கருதலுக்கும் அப்பாற்பட்ட உரையாகிய ஆகமமே தரும் என்றார்கள். காட்சியின் வகைகளுள் யோகக் காட்சியையும் சேர்த்து, முடிவில் நேரே அறிதலுக்கும் இடம் வைத்தார்கள். பட்டறைக் கையேட்டின் சொல்லை அன்றைக்கே சோதித்துவிடலாம். ஆகமத்தின் சொல்லைச் சோதிக்க ஒருவன் தன்னையே சாதனத்தில் ஈடுபடுத்தவேண்டும். சிவஞானபோதத்தின் பன்னிரண்டு சூத்திரங்களில் பிரமாணத்துக்கு ஒதுக்கியது முதல் மூன்றுதான். அடுத்த மூன்று இலக்கணம், அதன்பின் மூன்று சாதனம், கடைசி மூன்று பயன்.