உதவிக்கு முன் விசாரணை

தனியாக நின்று பிள்ளை வளர்க்கும் ஏழைத் தாய்க்கு அரசு உதவ வேண்டுமா என்று கேட்டால், கூடாது என்று சொல்பவர் அரிது. என்ன நிபந்தனையின் பேரில் உதவுவது என்பதில்தான் கருத்து பிரிகிறது. அவள் ஏன் தனியானாள் என்று அரசு கேட்கலாமா? பிள்ளைக்குத் தகப்பன் யார் என்று சொல்லக் கட்டாயப்படுத்தலாமா? வேலை தேடினால்தான் பணம் என்று சொல்லலாமா? ஏறத்தாழ இருநூறு ஆண்டுகளாகப் பிரிட்டன் இந்தக் கேள்விகளோடு போராடி வருகிறது. அங்கே தனித்துப் பிள்ளை வளர்ப்போரில் மிகப் பெரும்பாலோர் பெண்கள். ஆகவே இது பெண்ணின் வறுமை பற்றிய கேள்வியும்தான்.

1834ஆம் ஆண்டின் ஏழையர் சட்டம், மணமாகாத தாய்க்குப் பிறந்த குழந்தையின் பொறுப்பை அவள் தலையிலேயே கட்டியது. கஷ்டம் கண்ணுக்குத் தெரிந்தால் மற்ற பெண்கள் ஒழுங்காக இருப்பார்கள் என்பது அதை இயற்றியவர்களின் கணக்கு. தகப்பனிடம் பராமரிப்புத் தொகை கேட்டுத் தாயே நேரடியாக வழக்காடும் வழி 1844இல்தான் திறந்தது.

நூறு ஆண்டு கழித்தும் அந்தக் கணக்கு முற்றாக மறையவில்லை. சமூகக் காப்பீட்டுக்குத் திட்டம் தீட்டி 1942இல் வெளிவந்த பெவரிட்ஜ் அறிக்கை விதவைக்குக் காப்பீட்டிலிருந்து உதவி வகுத்தது. மனைவியின் குற்றமில்லாமல் மணவாழ்க்கை முறிந்தால் அவளுக்கும் காப்பீடு தரலாம் என்றும் அது யோசனை சொன்னது. ஆனால் குற்றம் யாருடையது என்று எந்த அலுவலர் தீர்ப்புச் சொல்வது? அந்த யோசனை சட்டமாகவில்லை. கணவனை இழந்தவளுக்குக் கிடைத்தது உரிமை; கணவனால் கைவிடப்பட்டவளுக்குக் கிடைத்தது வருமானத்தைச் சோதித்துத் தரும் உதவி. இரண்டு வீட்டிலும் பிள்ளையின் பசி ஒன்றுதான். இந்த வேறுபாட்டை நீக்கி, தனித்து நிற்கும் பெற்றோர் அனைவருக்கும் உறுதியான ஒரு தொகை வேண்டும் என்று அரசு அமைத்த ஃபைனர் குழு 1974இல் பரிந்துரைத்தது. எந்த அரசும் அதை நிறைவேற்றவில்லை.

பெற்றவன் பிள்ளைக்குச் செலவு செய்ய வேண்டும் என்பதை யாரும் மறுக்க முடியாது. அந்த நியாயத்தின் மேல்தான் 1991ஆம் ஆண்டின் குழந்தைப் பராமரிப்புச் சட்டம் எழுந்தது. ஆனால் அது நடைமுறைக்கு வந்த விதத்தைப் பார்க்க வேண்டும். உதவித்தொகை பெறும் தாய், தக்க காரணமின்றித் தகப்பன் பெயரைச் சொல்ல மறுத்தால் அவளுடைய தொகை குறைக்கப்பட்டது. தகப்பன் செலுத்திய பணமோ, ‘வருமான உதவி’ என்ற உதவித்தொகை பெற்ற தாயின் தொகையிலிருந்து அப்படியே கழிக்கப்பட்டது. அதாவது தகப்பன் கடமையைச் செய்தான், மிச்சமானது கருவூலத்துக்கு, பிள்ளையின் தட்டில் ஒன்றும் கூடவில்லை. பராமரிப்புப் பணத்தை முழுவதும் குடும்பமே வைத்துக்கொள்ளும் நிலை 2010இல்தான் வந்தது.

வேலை பற்றிய கேள்வி இதைவிடக் கடினமானது. கடைசிப் பிள்ளைக்குப் பதினாறு வயதாகும் வரை, வேலை தேடாமலே தாய் உதவி பெறலாம் என்பது பழைய விதி. 2008இல் அந்த வயது 12 ஆனது. படிப்படியாக 2012இல் 5 ஆகவும் 2017இல் 3 ஆகவும் இறங்கியது. இதை ஆதரிப்போரின் வாதம் வலுவானது. கணவனோடு வாழும் தாய்மாரும் வேலைக்குப் போகிறார்கள். அவர்களுடைய வரிப்பணமும் இந்த உதவியில் சேர்ந்திருக்கிறது. வீட்டிலேயே கழியும் ஆண்டுகள் பெண்ணின் திறமையையும் முதுமைக்கால ஓய்வூதியத்தையும் அரித்துவிடும். சம்பளம் தரும் தற்சார்பை உதவித்தொகை தராது.

இவை எல்லாம் உண்மை. ஆனாலும் இருவர் பகிர்ந்து சுமப்பதை ஒருத்தி தனியே சுமக்கிறாள் என்பதும் உண்மை. பிள்ளைக்குக் காய்ச்சல் என்று பள்ளியிலிருந்து அழைப்பு வந்தால் ஓடிவர வேறு ஆளில்லை. பள்ளி நேரத்துக்குள் அடங்கும் வேலை பெரும்பாலும் குறைந்த கூலி வேலைதான். அடுத்தவர் பிள்ளையைக் கூலிக்குப் பார்த்தால் உழைப்பு, தன் பிள்ளையைப் பார்த்தால் சும்மா இருப்பது என்று கணக்கிடும் முறையில் நேர்மை இல்லை. பயிற்சியும் குழந்தைக் காப்பகமும் தந்து வேலைக்கு வழி திறப்பது அரசின் கடமை. தொகையை வெட்டி அந்த வழியில் தள்ளுவது வேறு காரியம். அந்த வெட்டு முதலில் விழுவது எதையும் தேர்ந்தெடுக்காத குழந்தையின் மேல்.

குடும்பம் பிரியாமல் இருந்தால் வறுமை வராது என்ற நம்பிக்கையையும் சமூகக் கொள்கை ஆய்வாளர்கள் அசைத்திருக்கிறார்கள். வீட்டுக்குள் பணம் யார் கையில் இருக்கிறது என்று ஜேன் பால் ஆராய்ந்தார். கையில் வரும் பணம் குறைந்தும், அதைச் செலவிடும் அதிகாரம் தன்னிடம் வந்ததால் பிரிவுக்குப் பின் நிலைமை மேலென்று சொன்ன தாய்மாரை ஹிலாரி கிரகாம் 1980களில் பதிவு செய்தார். 1970களின் இறுதியில் குழந்தைக்கான உதவி தகப்பனின் சம்பளத்தில் கிடைத்த வரிச்சலுகையிலிருந்து தாயின் கைக்கு மாறியது. அதன்பின் பெண்கள், குழந்தைகள் உடைக்கான செலவின் பங்கு உயர்ந்ததை 1997இல் வெளியான ஓர் ஆய்வு காட்டியது. ஒரு குடும்பத்தை ஒரே எண்ணாக எண்ணும் கணக்கில், மணவாழ்க்கைக்குள் இருக்கும் பெண்ணின் வறுமை தெரிவதில்லை.

தாயின் கடந்த காலத்தை விசாரித்து உதவியின் அளவை நிர்ணயிக்க அரசுக்கு அறவுரிமை இல்லை. தகப்பனின் கடமையை நிலைநாட்டலாம். அதன் பயன் பிள்ளைக்கே சேர வேண்டும். வேலையை ஊக்குவிக்கலாம், மறுப்பின் தண்டனை பிள்ளையின் உணவைத் தொடக் கூடாது. கொள்கை வகுப்போரும் அதை ஆராய்வோரும் முதலில் கேட்க வேண்டியது, இந்த வீட்டுக்கு என்ன தேவை என்பதைத்தான்.