வேஷமும் மூச்சும்

2023 செப்டம்பர் 8, வெள்ளிக்கிழமை. குந்தாரப்பள்ளி ஆட்டுச் சந்தையில் விலை பேசிக்கொண்டிருந்தவர்கள்கூட "குணசேகரன் போயிட்டாராம்" என்றார்கள். 'எதிர்நீச்சல்' தொடருக்கு டப்பிங் பேசும்போது மாரடைப்பு வந்து நடிகர் மாரிமுத்து இறந்திருந்தார். 'கண்ணும் கண்ணும்', 'புலிவால்' படங்களை இயக்கியவர். 'பரியேறும் பெருமாள்' உட்படப் பல படங்களில் துணை வேடங்களில் உழைத்தவர். அந்தத் தொடரில் வீட்டுப் பெண்களை அடக்கும் ஆதி குணசேகரனாக வந்த பிறகுதான் அவர் வீட்டுக்கு வீடு தெரிந்தார்.

பாரதக் கூத்தில் துரியோதனன் வேஷம் கட்டுகிறவன் நான். துரியோதனன் வீழும் படுகளத்தன்று மண்ணால் செய்த துரியோதனனைப் பெண்கள் துடைப்பத்தால் அடிப்பார்கள். அரிதாரம் கலைத்ததும் அவர்களே எனக்கு மோர் தருவார்கள். கெட்டவனாக ஆடிய பாவம் ஆடியவனைச் சேராது என்பதற்கு அந்த மோரே சாட்சி.

மாரிமுத்து போன பிறகு வேல ராமமூர்த்தி குணசேகரனானார், தொடர் ஓடியது. அப்படியானால் வேஷம்தான் நிலையானதா, மனுஷன் இல்லையா? நான் அப்படி நினைக்கவில்லை. வேஷத்துக்குச் சொந்தமாக உயிர் கிடையாது. கட்டுகிறவன் தன் மூச்சைக் கொடுத்தால்தான் அது பேசும். மாரிமுத்து கடைசிவரை கொடுத்தார். வாய்த்த வேஷத்தை முழு மனசோடு ஆடுவதே வழிபாடு. அது பெரிதா சிறிதா என்று சாமி கணக்குப் பார்ப்பதில்லை.