படிமை என்னும் சொல்

இம்முறை ஒரே ஒரு சொல்லைப் பற்றிப் பேச விழைகின்றேன்.

நம் இல்லங்களில் விரதம் பற்றிய பேச்சு எழும்போதெல்லாம் தவறாமல் எழும் விடை ஒன்று உண்டு. "இன்னும் அதற்கு ஆயத்தமாகவில்லை" என்பதே அது. சென்னையில் வாழும் என் தமையனார் மகளும் அண்மையில் இதையே சொன்னாள். "அத்தை, பிள்ளைகள் படிப்பு முடியட்டும், வீட்டுக் கடன் தீரட்டும். அதுவரை நாங்கள் ஆயத்த நிலையில்தான் இருக்கிறோம்" என்றாள். அவள் நல்ல பெண். கோயிலுக்குச் செல்பவள், புலால் தொடாதவள். அவளுக்கு ஒரு விடை சொல்ல வேண்டும் என்று எண்ணியபோதுதான் படிமை என்னும் சொல் நினைவுக்கு வந்தது.

ஆயத்தம் என்னும் சொல்லோடு எனக்கு நெடுங்காலப் பழக்கம் உண்டு. ஆசிரியர் பயிற்சியில் நாங்கள் எழுதிய பாடக்குறிப்பின் முதற்பகுதியே ஆயத்தம்தான். ஜெர்மானியக் கல்வியறிஞர் ஹெர்பார்ட்டின் வழிவந்தவர்கள் ஒரு பாடத்தை ஐந்து படிகளாக வகுத்தனர். அவற்றுள் முதலாவது, மாணவன் முன்பே அறிந்ததைக் கிளறி, புதிய பாடத்திற்கு அவன் உள்ளத்தைத் திருப்புவது. நான்கைந்து வினாக்கள், ஐந்து நிமிடம், அவ்வளவே. அது முடிந்ததும் "இன்று நாம் படிக்கப் போவது" என்று கரும்பலகையில் தலைப்பை எழுதிவிடுவோம். அதன் பின் அந்த ஆயத்தத்தை யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை. பந்தல் கட்டியதும் பிரித்தெடுக்கும் சாரம் போன்றது அது. பாடம் நடத்துவதற்கு அது போதும். ஆனால் அதே பொருளில் நம் சமயத்தின் படிநிலைகளைப் பார்க்கத் தொடங்கினால் குழப்பம் விளைகின்றது.

நம் ஆகமங்கள் இல்லறத்தானின் படிநிலைகளுக்கு இட்ட பெயர் பிரதிமை. பிராகிருதத்தில் படிமா, தமிழில் படிமை. இச்சொல் தமிழுக்குப் புதிதன்று. தொல்காப்பியத்துக்குப் பாயிரம் தந்த பனம்பாரனார், தொல்காப்பியரைப் படிமையோன் என்றே குறிக்கின்றார். பதிற்றுப்பத்தில் சேர மன்னன் ஒருவனுடைய நோன்பொழுக்கத்தைச் சுட்டவும் இச்சொல் வந்துள்ளது. தமிழ் லெக்சிகனின் பதிப்பாசிரியராக 1926 முதல் பணியாற்றிய பேராசிரியர் வையாபுரிப் பிள்ளை, படிமை என்பது சமணர் வழக்கிலிருந்து வந்த சொல் என்று கொண்டு, தொல்காப்பியர் சமணரே என வாதிட்டார். மரபியலில் உயிர்களை ஓரறிவு முதல் ஆறறிவு வரை வகுத்திருப்பதையும் அதற்குச் சான்றாகக் காட்டினார். இதனை மறுத்தவர்களும் பலர். அவர்களுள்ளும் பெரும்புலவர்கள் உண்டு. தொல்காப்பியரை நமக்கென்று உரிமை கொண்டாடுவதில் எனக்குப் பெரிய ஆர்வமில்லை. அத்தகைய பெருமிதம் நம் கூட்டங்களில் தேவைக்கு மேல் ஒலிக்கின்றது என்பது என் கருத்து. நான் கவனிக்க விரும்புவது வேறு. இலக்கண ஆசிரியர் ஒருவரைப் புகழ வந்தவர், அவருடைய புலமையோடு நில்லாமல் அவருடைய ஒழுக்க நிலையையும் ஒரு சொல்லால் குறித்திருக்கின்றார். படிமை அவ்வளவு மதிப்புடைய சொல்லாக இருந்தது.

இச்சொல்லுக்கு மற்றொரு பொருளும் உண்டு. அதுதான் இன்று எல்லோரும் அறிந்தது. பிரதிமை என்றால் திருவுருவம். படிமம் என்றாலும் உருவமே. பழந்தமிழில் படிமக்கலம் என்றால் முகம் பார்க்கும் கண்ணாடி. ஒன்றைப் போல மற்றொன்று அளவொத்து நிற்பது, ஒன்றன் சாயல் மற்றொன்றில் விழுவது என்பதே இதன் அடிக்கருத்து. அங்ஙனமாயின், இல்லறத்தானின் விரதப் படிக்கும் ஜினபிம்பத்துக்கும் ஒரே பெயர் எப்படி வந்தது?

இதற்கு நான் கொள்ளும் விடை இது. முதற்படியில் நிற்கும் சாவகனும் அந்த அளவுக்கு ஜினனுடைய சாயலே ஆவான். கல்லில் ஓர் உருவத்தைச் செதுக்கும்போது, முதல் நாள் தோன்றும் வெளிக்கோடும் அந்த உருவத்தின் கோடுதான். அதை அழித்துவிட்டு மறுநாள் வேறொன்றைத் தொடங்குவதில்லை. முதல் நாள் கோடு கடைசி நாள் வரை அங்கேயே இருக்கும், மேலும் ஆழமாகும். ஆகவே படிமை என்பது ஆயத்தமன்று, அல்லது ஆயத்தமும் அதன் பயனும் பிரியாது ஒன்றாய் நிற்கும் நிலை என்று சொல்லலாம்.

சமந்தபத்திர ஆசாரியர் இரத்தினகரண்டக சிராவகாசாரத்தில் பதினொரு படிமைகளையும் சொல்லப் புகும்போது, முதலில் ஒரு விதியை வைக்கின்றார். ஒவ்வொரு நிலையின் குணமும் முந்தைய நிலைகளின் குணங்களோடு சேர்ந்தே நின்று முறையாக வளர வேண்டும் என்பதே அது. ஏழாம் படிமையில் உள்ளவன் முதற்படிமையை விட்டுவிட்டு அங்கே வரவில்லை, அதையும் சுமந்துகொண்டுதான் நிற்கின்றான். இந்நூலின் கருத்துகளைத் தழுவித் தமிழில் நூற்றெண்பது குறட்பாக்களால் ஆன அருங்கலச்செப்பு நமக்குக் கிடைத்திருக்கின்றது. பள்ளிப் பிள்ளைகளும் மனனம் செய்யத்தக்க எளிமை அதில் உண்டு.

கழுகுமலைக்கு நம் குடும்பங்கள் சுற்றுலா வருவதுண்டு. எட்டு, ஒன்பதாம் நூற்றாண்டுகளில் பாண்டியர் காலத்தில் அம்மலைப் பாறையில் வரிசை வரிசையாகத் தீர்த்தங்கரர் திருவுருவங்கள் செதுக்கப்பட்டன. பல உருவங்களின் கீழே, செய்வித்தவர் பெயர் வட்டெழுத்தில் உள்ளது. அடிகள்மார், குரத்தியர், அவர்தம் மாணாக்கர் எனப் பலர் பெயர்கள் அங்கே காணக் கிடக்கின்றன. குரத்தி என்றால் பெண் ஆசான். அதே மலையில் வெட்டுவான் கோயில் என்னும் ஒற்றைக்கல் சிவன் கோயிலும் உண்டு. மேலிருந்து கீழாகக் குடையப்பட்டதால் சிகரம் அழகு குலுங்க நிறைவுற்று, அடிப்பகுதி முடிவுறாமலே நின்றுவிட்டது. சிற்பிக்கு அது இயலும். சாவகனுக்கு அவ்வழி இல்லை.

வந்தவாசிப் பகுதியினர் வேடால் கல்வெட்டை அறிந்திருப்பர். முதலாம் ஆதித்த சோழனின் 14ஆம் ஆட்சியாண்டில் பொறிக்கப்பட்டது அது. குணகீர்த்தி படாரரின் மாணவியான கனகவீரக் குரத்தியாரையும் அவருடைய மாணவரையும் காத்து உணவளிக்கும் பொறுப்பை அவ்வூர் மக்கள் ஏற்றதை அது கூறுகின்றது. துறவு நிலையில் இருந்த அப்பெருமாட்டியின் கலத்தில் விழுந்த சோறு, முதலிரண்டு படிமைகளில் நின்ற இல்லறத்தார் சமைத்த சோறாகத்தான் இருந்திருக்கும். கீழ்ப்படி என்று எதனையும் இகழ முடியாது என்பதற்கு வேறு சான்று வேண்டியதில்லை.

இனி, நான் வாழும் ஊரைப் பற்றியும் சிறிது சொல்ல வேண்டும். பணியின் பொருட்டு வந்து, ஓய்வுக்குப் பின்னும் இந்தப் பெரியதாழைக் கடற்கரையிலேயே தங்கிவிட்டேன். மணப்பாட்டுக்கும் உவரிக்கும் இடைப்பட்ட மீனவர் ஊர் இது. என் அண்டை வீட்டார் கத்தோலிக்கர். உயிர்ப்புப் பெருவிழாவுக்கு முன் நாற்பது நாள் தவக்காலத்தை அவர்கள் உள்ளன்போடு கடைப்பிடிப்பதைப் பல்லாண்டுகளாகக் கண்டு வருகின்றேன். அது விழாவை நோக்கிய ஆயத்தம். விழா வந்ததும் நிறைவுறும், அடுத்த ஆண்டு மீண்டும் வரும். அதன் அழகு அது. நம்முடைய படிமைக்கு அப்படி ஒரு முடிவு நாள் குறிக்கப்படவில்லை.

இக்கடற்கரை முத்துக் குளிப்புக்குப் பெயர் பெற்றது. தூத்துக்குடியில் 1955 முதல் 1961 வரை ஆண்டுதோறும் சலாபம் நடந்தது. அக்காலத்தில் கடலில் இறங்கிய முதியவர் சிலரோடு நான் பணியில் இருந்தபோது பேசியிருக்கின்றேன். சலாபத்துக்கு முன் முத்துப்பார்களில் சிறிது சிப்பி எடுத்து, அதில் கிடைக்கும் முத்துகளை மதிப்பிட்டுப் பார்த்த பின்பே நாள் குறிப்பார்களாம். குளிப்பவர் கல்லின் பாரத்தால் எட்டு, பத்துப் பாகம் ஆழம் இறங்குவார். மேலே தோணியில் ஒருவர் கயிற்றைப் பிடித்திருப்பார். "மூச்சு அடக்கப் பழகியது எப்போது?" என்று ஒருவரிடம் கேட்டேன். "பழகியது என்று ஒரு காலம் இல்லை டீச்சர். ஒவ்வொரு முங்கும் பழக்கம்தான்" என்றார்.

முத்துச் சிப்பியும் உயிர்தான். மரபியல் நந்து முதலியவற்றை ஈரறிவுயிர் என்கின்றது. உரைகள் இப்பியையும் கிளிஞ்சலையும் அவ்வினத்தில் சேர்க்கின்றன. நம் ஆகமங்களும் சங்கு, சிப்பி ஆகியவற்றை இரு பொறியுயிர்களாகவே கொள்கின்றன. ஆகவே அத்தொழில் நம் நெறிக்கு ஒவ்வாதது. முத்து மாலையை மங்கலப் பொருளாக அணியும் நம் பெண்மணிகள் இதனை ஒருமுறையேனும் எண்ணிப் பார்க்கலாம். ஆனால் அம்முதியவர் சொன்ன சொல், நம் சாமாயிகப் படிமைக்கு நான் கேட்ட உரைகளுள் மிகத் தெளிவானது. நாள்தோறும் மூன்று வேளை அமர்ந்து சமநிலையில் மனத்தை நிறுத்துவதற்கு, "பழகிய பின் செய்வோம்" என்று ஒரு முன்காலம் கிடையாது.

பதினொரு படிமைகளையும் இங்கே விரித்துரைக்கத் தேவையில்லை. தரிசனம், விரதம், சாமாயிகம், பருவ நாட்களில் உண்ணாநோன்பு, சமைக்காத பச்சைப் பொருள் நீக்கல், இரவு உண்ணாமை, பிரமசரியம், தொழில் முயற்சிகளை விடுதல், உடைமை துறத்தல், அனுமதி துறத்தல், தனக்கென ஆக்கிய உணவை ஏற்காமை என்பன அவை. ஆறாவதைப் பகலில் பிரமசரியம் காத்தல் என்று கொள்ளும் ஆசிரியரும் உளர். பதினோராவதில் நிற்பவர் இல்லம் விட்டுக் குருவிடம் சென்று, சிறு துணியுடுத்து, பிச்சையேற்று உண்பார். க்ஷுல்லகர், ஐலகர் என்போர் இவரே. பெண்களுக்கும் க்ஷுல்லிகை நிலை உண்டு. சிலர் இதனை ஐயுற்றுக் கேட்பதால் குறிப்பிட்டேன்.

என் வயதினர்க்குச் சற்று நின்று பார்க்க வேண்டியது பத்தாவது. அனுமதி துறத்தல் என்றால் தொழில், உடைமை, திருமணம் முதலிய உலகியற் செயல்களில் "செய்" என்றும் "வேண்டாம்" என்றும் கருத்துரைக்காது நிற்றல். உடைமையை ஒன்பதாவதிலேயே விட்டாயிற்று. வீடு மகன் பெயரில், நிலம் மகள் பெயரில். ஆயினும் மகன் அந்த வீட்டுக்கு என்ன வண்ணம் பூசுகின்றான் என்பதில் நமக்கு எவ்வளவு கருத்து! பேரனுக்குப் பெண் பார்த்துவிட்டு வந்தவர்கள் நம் முகத்தைப் பார்க்கும்போது, புருவத்தை அசைக்காமல் இருக்க முடிகின்றதா? முப்பது ஆண்டுகள் வகுப்பறையில் "இதைச் செய், அதைச் செய்யாதே" என்று கூறிப் பழகிய நாவுக்கு இது எளிதன்று. பொருளைக் கொடுப்பதை விடக் கருத்தைக் கொடாதிருப்பது கடினம் என்பதை அறிந்தே ஆசாரியர்கள் இதனை உடைமை துறத்தலுக்கு மேலே வைத்தார்கள் போலும். இப்படிமையைத் திடீரென எழுபதாம் வயதில் ஏற்க இயலாது. முதற்படிமையில், நாற்பதாம் வயதில், உடலையும் போகத்தையும் "எனது" என்று பற்றாமல் பார்க்கத் தொடங்கியவர்க்கே அது கைகூடும். அந்தப் பார்வை அன்றே அனுமதி துறத்தலின் வெளிக்கோடாக விழுந்துவிடுகின்றது.

என் தமையனார் மகளுக்கு இப்போது விடை சொல்லலாம். "அம்மா, நீ ஆயத்த நிலையில் இல்லை. புலாலும் மதுவும் தேனும் நீக்கி, அருகனைச் சரணாகக் கொண்டு நிற்கின்றாய். அதனை அறிந்து, குரு முன்னிலையில் சொல்லி, குற்றமறக் காத்தால் நீ முதற்படிமையில் நிற்பவள். வீட்டுக் கடன் தீரும் வரை காத்திருக்க அதில் ஒன்றுமில்லை." சொல்லாமல் செய்வதற்கும் சொல்லி ஏற்பதற்கும் என்ன வேறுபாடு என்று அவள் கேட்கக்கூடும். விருந்தில் கேக்கை நீட்டி "முட்டை கொஞ்சம்தான்" என்று யாரேனும் வற்புறுத்தும்போது அந்த வேறுபாடு தெரியும்.

மற்றொன்றையும் அவள் கேட்டாள். அலுவலகத்திலிருந்து இரவு எட்டு மணிக்கு வீடு திரும்பும் குடும்பம் இரவு உண்ணாமையை எங்ஙனம் காப்பது? ஆறாவது படிமையாக அதை ஏற்பது பின்னர் ஆகட்டும். நம் முன்னோர் எந்தப் படிமையிலும் நில்லாதபோதும் அதைக் குலவழக்கமாகவே காத்து வந்தனர். மாதத்தில் இரண்டு அஷ்டமி, இரண்டு சதுர்த்தசி என நான்கு நாட்கள் உள்ளன. அந்நான்கு நாட்களில் மட்டும் நண்பகல் உணவுடன் மாலைக்கும் ஒரு சிறு டப்பாவில் இட்லியோ சப்பாத்தியோ எடுத்துச் சென்று, கதிரவன் மறையும் முன் அலுவலகத்திலேயே உண்டுவிடலாம். பிள்ளைகளுக்குப் பள்ளி விட்டு வந்ததும் ஐந்தரை மணிக்குள் சோறு போட்டுவிடலாம். அவள் நாட்காட்டியில் அந்நாட்களுக்கு வட்டமிட்டு வைத்திருப்பதாகத் தொலைபேசியில் சொன்னாள். முதல் வட்டம் வரும் அஷ்டமி.