மரக்காலும் நெல்லும்

என் தந்தையார் மறைந்த ஆண்டில் எனக்கு ஓர் ஐயம் எழுந்தது. காலத்தைத் திருப்பும் வித்தை என்றேனும் மனிதர் கையில் இருந்ததா? இருந்திருந்தால் அது ஏன் நம்மிடம் வந்து சேரவில்லை? பல இரவுகள் இது என்னைத் தூங்கவிடவில்லை. அந்த ஐயம் தீர்ந்த வழியை, அதே வருத்தம் உள்ளவர்களுக்கு உதவும் என்று நம்பி, குருவும் சீடனும் பேசுவதாக இங்கே எழுதுகிறேன்.

சீடன்: சுவாமி, ஏடும் எழுத்தும் தோன்றுமுன் ஒரு யுகம் இருந்ததாகக் கதைகளில் படித்தேன். அந்த யுகத்து மக்கள் காலத்தை நிறுத்தவும் நீட்டவும் திருப்பவும் வல்லவர்களாம். அப்படி ஒரு யுகம் இருந்திருக்கக் கூடாதா?

குரு: இருந்தது என்றே வைத்துக்கொள்வோம். அந்த ஊருக்குள் நீயே நடந்து பார். குயவன் கையிலிருந்து பானை நழுவுகிறது. நொடியைத் திருப்பிப் பானையைப் பிடித்துக்கொள்கிறான். நல்லது. அடுத்த தெருவில் ஒருவன் கடனை அடைக்கிறான். அடைத்த கையோடு, அடைக்காத நேற்றுக்குப் போய்விடுகிறான். போரில் தோற்ற அரசன் விடியலுக்குத் திரும்புகிறான். வென்றவன் மாலையை விடாமல் இழுத்துப் பிடிக்கிறான். ஒரு தாய் தன் குழந்தையின் முதல் சிரிப்புக்கே திரும்பத் திரும்பப் போகிறாள். குழந்தைக்குப் பல் முளைக்கவே இல்லை. அந்த ஊரில் நிலைத்த வாக்கு உண்டா? முடிந்த போர் உண்டா? வளர்ந்த பிள்ளை உண்டா? நடந்தது நடந்ததாக நிற்கும் இடத்தில்தான் வரலாறு உண்டு. எதையும் நடக்காததாக்க முடிந்த யுகத்துக்கு வரலாறே கிடையாது. முயற்கொம்பையாவது தேடிப் பார்த்துவிட்டு இல்லை என்று சொல்லலாம். இந்த யுகத்தைத் தேடவே வேண்டியதில்லை.

சீடன்: ககுத்மி மன்னன் மகள் ரேவதியோடு பிரம்மலோகம் போய்த் திரும்புவதற்குள் பூமியில் இருபத்தேழு சதுர்யுகங்கள் கழிந்தன என்கிறதே பாகவதம்?

குரு: கழிந்தன என்றுதானே சொல்கிறது? திரும்பின என்று சொல்லவில்லையே. அதை விடு.

சீடன்: அப்படியானால் ஏட்டில் உள்ள வரலாற்றுக்கே வருகிறேன். அரசர்களும் போப்பாண்டவர்களும் நாட்களை நீட்டியிருக்கிறார்கள், அழித்திருக்கிறார்கள். அது காலத்தை ஆண்டது ஆகாதா?

குரு: இங்கேதான் நீ மரக்காலையும் நெல்லையும் ஒன்றாகக் கருதுகிறாய். களத்தில் நெல் குவிந்து கிடக்கிறது. மரக்காலைச் சிறிதாகச் செய்து அளந்தால் எண்ணிக்கை ஏறும். குவியலில் ஒரு மணியாவது ஏறுமா?

பழைய ரோமில், ஆண்டோடு ஓர் உபரி மாதத்தைச் சேர்ப்பதா வேண்டாமா என்று முடிவு செய்யும் அதிகாரம் சமயத் தலைவர்கள் கையில் இருந்தது. வேண்டியவர் பதவியில் இருந்தால் ஆண்டு நீண்டது; வேண்டாதவர் இருந்தால் சுருங்கியது. நாளடைவில் மாதம் ஒரு பக்கமும் பருவம் ஒரு பக்கமும் போயின. அதை நேராக்க ஜூலியஸ் சீசர் கி.மு. 46ஆம் ஆண்டுக்கு 445 நாட்கள் கொடுக்க வேண்டியதாயிற்று. 1582இல் போப் பதின்மூன்றாம் கிரகோரி, அக்டோபர் 4க்கு அடுத்த நாளை அக்டோபர் 15 என்று அழைக்கச் சொன்னார். அந்த இரவில்தான் ஸ்பெயினில் அவிலாவின் தெரசா அம்மையார் உயிர் நீத்தார். ஏட்டில் பத்து நாட்கள் மறைந்தன. அந்த அம்மையாரின் மூச்சில் ஒன்று கூடவும் இல்லை, குறையவும் இல்லை. பிரிட்டன் 1752இல் செப்டம்பர் 2க்குப் பின் 14 என்று எழுதியது. ஆனால் பதினொரு நாள் வரியை விட்டுக்கொடுக்கக் கருவூலம் இசையவில்லை. கணக்கு ஆண்டின் தொடக்கத்தைத் தள்ளி வைத்தது. அந்நாட்டின் வரி ஆண்டு இன்றும் ஏப்ரல் 6இல் தொடங்குவது அதன் தழும்பு. மரக்காலை மாற்றிய அரசே நெல்லை மணி குறையாமல் வாங்கிக்கொண்டது, பார்த்தாயா?

பிரெஞ்சுப் புரட்சியாளர்கள் 1793இல் பத்து நாள் வாரம் வகுத்தார்கள். ஒரு நாளுக்குப் பத்து மணி, மணிக்கு நூறு நிமிடம் என்றார்கள். ஏழு நாளுக்கு ஒருமுறை ஓய்ந்த உடம்பு பத்தாம் நாள்வரை காத்திருக்க நேர்ந்தது. பத்து மணிக் கடிகாரம் 1795இலேயே கைவிடப்பட்டது. நாட்காட்டி 1806 பிறந்தபோது ஒழிந்தது. சோவியத் நாட்டில் 1929இல் ஆலைகள் ஓயாமல் ஓட வேண்டும் என்று ஐந்து நாள் சுற்றைக் கொண்டுவந்தார்கள். தொழிலாளரை ஐந்து பிரிவாக்கி, பிரிவுக்கு ஒரு நாள் ஓய்வு கொடுத்தார்கள். கணவனுக்கு ஓய்வு வந்த நாளில் மனைவி ஆலையில் நின்றாள். 1940இல் ஏழு நாள் வாரமே மீண்டது.

கள்ள மரக்கால் நெல்லைக் குறைக்காது, கூலியைக் குறைக்கும். காலத்தை ஆண்டோம் என்று சொன்னவர்கள் எல்லோரும் ஆண்டது மக்களைத்தான்.

சீடன்: மரக்கால் பற்றி நீங்கள் சொன்னதை ஏற்கிறேன். ஆனால் நெல்லே கூடுகிறது, குறைகிறது என்று ஐன்ஸ்டைன் காட்டிவிட்டாரே! 1971இல் ஹாஃபீலும் கீட்டிங்கும் சீசியம் அணுக் கடிகாரங்களை விமானத்தில் ஏற்றி உலகைச் சுற்றிவந்தார்கள். கிழக்கே பறந்தபோது அவை தரையில் இருந்த கடிகாரத்தைவிடச் சுமார் 59 நானோ நொடி பின்தங்கின. மேற்கே பறந்தபோது சுமார் 273 நானோ நொடி முந்தின. ஜிபிஎஸ் செயற்கைக்கோளின் கடிகாரம் நாளுக்கு 38 மைக்ரோ நொடி முந்துகிறது. அதைத் திருத்திக்கொண்டுதான் நம் கைபேசி வழி காட்டுகிறது. இது வெறும் அளவையின் பிழை என்று தள்ள முடியாது. இன்று நானோ நொடியைத் தொட்டவன் நாளை ஆண்டைத் தொடமாட்டானா? முன்னொரு யுகம் தொட்டிருக்காதா?

குரு: நல்ல கேள்வி. என்னையும் நெடுநாள் வாட்டியது இதுதான். எல்லோருக்கும் பொதுவாக ஒரே குவியல் இருக்கிறது என்று நாம் எண்ணியிருந்தோம். அப்படி இல்லை, அவரவருக்கு அவரவர் குவியல் என்று ஐன்ஸ்டைன் காட்டினார். மலையுச்சியில் இருப்பவனுக்கும் அடிவாரத்தில் இருப்பவனுக்கும் நாழிகை ஒன்றல்ல. இதை முழுதாக ஒப்புக்கொள்ள வேண்டும்.

ஒப்புக்கொண்டபின் கவனி. விமானத்தில் கடிகாரம் பின்தங்கியபோது, கூடப் போனவரின் நாடியும் நினைப்பும் பசியும் அதே அளவு பின்தங்கின. அவர் தட்டில் ஒரு பிடி சோறும் கூடவில்லை. தன் குவியலிலிருந்து தன் பசிக்கு ஏற்பத்தான் அவர் உண்டார். மிக விரைந்து போய் மீள்பவன் மற்றவருடைய எதிர்காலத்தில் வந்து இறங்கலாம். ககுத்மி இறங்கியது அப்படித்தான். தன் நேற்றில் அவனால் இறங்க முடியாது. எவ்வளவு வேகமாக ஓடினாலும் காரணத்துக்கு முன்னால் காரியம் வந்து நிற்பதில்லை. ஆளுக்கு ஆள் குவியல் வேறுபடலாம். உண்ட நெல் எவர் குவியலுக்கும் திரும்பியதில்லை. அந்த வேறுபாட்டையும் மனிதன் ஆணையிட்டுப் பெறவில்லை. பருவமழைக்குத் தக்கபடி உழுகிறவனைப் போல, இயற்கையின் விதிக்குப் பணிந்தே பெற்றான்.

காலம் வேண்டும் என்று அழுகிறவன் நீண்ட நொடிக்காக அழுவதில்லை, ஒரு நேற்றுக்காக அழுகிறான். 'அடுத்த வாரம் வருகிறேன்' என்று ஊருக்குச் சொல்லி அனுப்பிய நேற்று அது. அந்த வாரம் வருமுன் வீட்டு வாசலில் பந்தல் போட்டுவிட்டார்கள். அந்த நாள் எந்தக் கடிகாரத்திலும் திரும்பாது. ஆனால் திருப்ப முடியாதது, பறிக்க முடியாததும் ஆகும். காலம் திரும்புமானால், தந்தையின் விரலைப் பிடித்துக் களத்துமேட்டில் நடந்த மாலையையும் எவனாவது அழித்துவிட்டுப் போகலாம். திரும்பாததால் அது பத்திரமாக இருக்கிறது. குதிருக்குள் போன நெல் அது; அங்கே திருடனும் இல்லை, எலியும் இல்லை. குதிருக்குள் பதரும் சேர்ந்தே போயிருக்கும். அதைப் புடைத்து எறிய வழியில்லை, பொறுத்துக்கொள்ளத்தான் வேண்டும். இழந்ததை மாற்ற முடியாத இந்த உலகில்தான், பெற்றதும் என்றென்றைக்கும் பெற்றதாக நிற்கிறது. அந்தக் கற்பனை யுகத்தைவிட நம் யுகம் மேலானது.

வாசிப்பவர்களுக்கு ஒரு சொல். குதிருக்குள் போனது போகட்டும். களத்தில் இன்னும் கொஞ்சம் நெல் கிடக்கிறது. யாருக்கேனும் தர வேண்டியிருந்தால் இன்றே அளந்து தந்துவிடுங்கள்.